வாசகர் கேள்வி பதில்: பைபிள்ல வாற பதுமராகமும் செட்டியார் தெரு பத்மராகமும் ஒண்டா?

கேள்வி: ஐயா, போன ஞாயிறு ஆராதனையில வெளிப்படுத்தின விசேஷம் 4ஆம் அதிகாரம் வாசிச்சாங்க. "வீற்றிருந்தவர், பார்வைக்கு வச்சிரக்கல்லுக்கும் பதுமராகத்துக்கும் ஒப்பாயிருந்தார்" எண்டு வருது. அதே கிழமை மகளின்ட கலியாணத்துக்கு நகை பாக்க செட்டியார் தெருவுக்குப் போனா, கடைக்காரர் ரோசாவும் இல்லாத செம்மஞ்சளும் இல்லாத ஒரு கல்லைக் காட்டி இதுதான் பத்மராகம் எண்டார், விலையைக் கேட்டு நான் கதிரையில இருந்திட்டன். வீட்ட வந்து அகராதியைப் பாத்தா பதுமராகம் எண்டா மாணிக்கம், சிவப்பு எண்டு போட்டிருக்கு. மகன் போன்ல இங்கிலீஷ் பைபிளைப் பாத்திட்டு அம்மா அது கார்னீலியன், மலிவான கல்லு எண்டுறான். இதில ஆர் சொல்லுறது சரி?
– ஒரு வாசகி, வெள்ளவத்தை

பதில்: நாலு பேரும் சரி தங்கச்சி, ஆனா நாலு பேரும் ஒரே கல்லைப் பத்திக் கதைக்கேல்ல, அதுதான் சிக்கல்.

முதல்ல சொல்லைப் பிரிச்சுப் பாருங்க. பத்மம் தாமரை, ராகம் எண்டா நிறம். பாட்டில வாற ராகமும் இதே சொல்தான், மனசில நிறம் ஏத்திறது எண்டு வச்சுக்கொள்ளுங்கோ. ஆகவே பத்மராகம் எண்டது தாமரை நிறம், அவ்வளவுதான். அந்தப் பேருக்குள்ள கல்லு எதால ஆனது, எவ்வளவு கடினம் எண்ட கதையே இல்லை. பழைய ஆக்கள் கல்லுக்குப் பேர் வச்சது கண்ணால, இப்ப லெப்ல பேர் வைக்கிறது மெஷினால. ஒரு சொல்லை ரெண்டு பக்கமும் இழுத்தா உங்களுக்கு வந்த குழப்பம் வராம வேற என்ன வரும்.

இப்ப பைபிளுக்கு வருவம். அந்த வசனத்தின்ட கிரேக்க மூலத்தில இருக்கிற சொல் சார்தியோன். சர்தை எண்ட நகரத்தின்ட பேரில வந்தது எண்டு பழைய ஆக்கள் சொல்லுவாங்க. அதே வெளிப்படுத்தலில ஏழு சபைக்குக் கடிதம் வருதே, அதில ஒரு சபை சர்தை, அந்த இடம் இப்ப துருக்கியில இருக்கு. சார்தியோன் எண்டது செங்கபிலமான ஒரு கல்லு, குவார்ட்ஸ் குடும்பம், சிலிக்கன் ஒட்சைட்டு, சிவப்பு வாறது இரும்பால. உங்கட மகன் சொன்ன கார்னீலியன் அதுதான். தமிழ்ல இதுக்கு நல்ல பேர் ஒண்டு இருக்கு, சூதுபவளம். கீழடி, கொடுமணல் அகழ்வாய்வுச் செய்தியள்ல சூதுபவள மணி எண்டு அடிக்கடி வாசிச்சிருப்பீங்க, எங்கட மன்னார்ப் பக்கம் மாந்தையிலயும் கிடைச்சிருக்கு.

அப்ப ஏன் மொழிபெயர்த்த ஆக்கள் சூதுபவளம் எண்டு போடேல்ல? எனக்குத் தோணுறதைச் சொல்லுறன், அந்த வசனத்தில அதைப் போட்டு ஒருக்கா சத்தமா வாசிச்சுப் பாருங்க, சிங்காசனத்தில வீற்றிருந்தவர் சூதுபவளத்துக்கு ஒப்பாயிருந்தார்... சபையில பாதிப்பேருக்குச் சூது எண்டது மட்டும்தான் காதில விழும், கடைசி வாங்கில இருக்கிற பெடியள் சிரிப்பாங்க. பதுமராகம் எண்டா ஒரு கம்பீரம் இருக்கு. அவங்க தேடினது கல்லின்ட இரசாயனத்தை இல்லை, சிவப்பா ஒளி விடுற, ராசாக்களுக்குரிய ஒண்டை.

இன்னும் ஒரு இடம் பாருங்க. யாத்திராகமம் 28இல ஆரோனின்ட மார்ப்பதக்கத்துக்கு நாலு பத்தியில பன்னிரண்டு கல்லு. முதலாம் பத்தியே "பத்மராகமும் புஷ்பராகமும் மாணிக்கமும்" எண்டுதான் தொடங்குது, மூண்டாம் பத்தியில கெம்பும் வருது. பத்மராகம், மாணிக்கம், கெம்பு மூண்டும் ஒரே பதக்கத்தில! செட்டியார் தெருவில ஆரிட்டயாவது இந்த லிஸ்டைக் குடுத்தா, ஐயா ஒரே கல்லை மூண்டு தரம் எழுதியிருக்கிறீங்க எண்டு திருப்பித் தருவார். எபிரேயத்தில அது மூண்டு வேற வேற சொல், தமிழ்ல சிவப்புக் கல்லுக்கு இருந்த பேரெல்லாத்தையும் பங்கிட்டுக் குடுத்திருக்கிறாங்க, வேற வழியில்லை பாவம். யஸ்பிக்கு நடந்ததும் இப்பிடித்தான், யாத்திராகமத்தில கடைசிக் கல்லு யஸ்பி, வெளிப்படுத்தலுக்கு வரேக்க அதே கல்லு வச்சிரக்கல்லா மாறிட்டுது.

அந்த மார்ப்பதக்கத்தின்ட முதல் கல்லுக்கு எபிரேயப் பேர் ஓதெம். சிவப்பு எண்டு அர்த்தம். ஆதாம் எண்ட பேரும் செம்மண்ணுக்குரிய அதாமா எண்ட சொல்லும் அதே மூண்டெழுத்து வேர்லதான் நிக்குது. அது மாணிக்கமா சூதுபவளமா எண்டு கேட்டா நான் சூதுபவளம் பக்கம்தான் நிப்பன், காரணம் அதே அதிகாரத்திலயே இருக்கு. ஒவ்வொரு கல்லிலயும் ஒரு கோத்திரத்தின்ட பேரை முத்திரை வெட்டு மாதிரி வெட்டச் சொல்லுது. மாணிக்கத்தில எழுத்து வெட்டிறது அந்தக் காலத்து ஆயுதங்களோட லேசுப்பட்ட வேலை இல்லை, வைரம் ஒண்டுதான் அதை விடக் கடினம். சூதுபவளத்தில முத்திரை வெட்டிறது எகிப்து, மெசப்பொத்தேமியாவில எல்லாம் சாதாரணமா நடந்த வேலை, மியூசியம் நிறைய இருக்கு.

கடைக்காரர் காட்டினது வேற சாமான், அதுக்கு அடுத்த கேள்வியில வாறன்.

கேள்வி: சேர், நான் ஒரு கல்லுக் கடையில வேலைக்குச் சேந்து எட்டு மாசம். வெளிநாட்டு ஆக்கள் பத்பரட்ஷா எண்டு கேக்கிறாங்க, முதலாளி பத்மராக எண்டுறார், ரெண்டும் ஒண்டா? எந்தக் கல்லை அப்பிடிச் சொல்லலாம், எதைச் சொல்லக்கூடாது?
– தெமட்டகொட வாசகர்

பதில்: ஒண்டுதான் தம்பி. எங்கட ஊர் பத்மராகவை ஜெர்மன்காரர் தங்கட எழுத்தில எழுதப்போய் பத்பரட்ஷா ஆகி, அது உலகம் சுத்தி இங்கிலீஷாத் திரும்பி வந்து, இப்ப எங்கட கடைப் பெடியனே அதை வெளிநாட்டுப் பேர் எண்டு நினைக்கிறான் பாத்தீங்களா.

கல்லைப் பொறுத்தவரைக்கும் அது குருந்தம், அதாவது அலுமினியம் ஒட்சைட்டு, மாணிக்கமும் நீலமும் எதால ஆனதோ அதே. சுத்தமா இருந்தா நிறமே இல்லை. கொஞ்சம் குரோமியம் போனா சிவப்பு, இரும்பும் தைத்தேனியமும் சேந்து போனா நீலம். பத்மராகத்தில குரோமியம் ரோசாவைக் குடுக்குது, அதுக்கு மேல மஞ்சள் ஒண்டு வந்து கலக்குது, ரெண்டும் சேந்து மெல்லிசா, ஒண்டை ஒண்டு அமுக்காம இருக்கோணும். கபிலம் அடிச்சா இல்லை, கடும் செம்மஞ்சள் எண்டா இல்லை, வெறும் ரோசா எண்டாலும் இல்லை. எல்லை எங்க எண்டதில லெப்புகளுக்கே ஒற்றுமை இல்லை, ஒரே கல்லுக்கு ஒரு லெப் பத்பரட்ஷா எண்டும் இன்னொண்டு ரோசா நீலம் (பிங்க் சபையர்) எண்டும் குடுத்ததை என்ட கண்ணாலயே பாத்திருக்கிறன், விலை பாதியாப் போகும் அந்த ஒரு சொல்லால.

என்ட சித்தி ஒருக்கா ஏமாந்த கதையைச் சொல்லுறன், கடைப்பேர் வேண்டாம். கடைக்குள்ள மஞ்சள் பல்பு, அதுக்குக் கீழ கல்லு அந்திவானம் மாதிரி இருந்ததாம், ஒண்டே கால் கரட் (கரட் எண்டு எழுதேக்க எனக்கு மரக்கறிதான் ஞாபகம் வருது, அது கிடக்கட்டும்). அடுத்தநாள் காலமை வீட்டு முத்தத்தில வச்சுப் பாத்தா வெறும் ரோசா. கல்லில மஞ்சளே இல்லை, பல்பில இருந்திருக்கு. திருப்பிக் குடுக்கப் போனா பில்லில "கல் 1" எண்டு மட்டும்தான் எழுதியிருக்கு. அதால நீங்க விக்கேக்கயும் சரி வாங்கேக்கயும் சரி, கல்லை வெள்ளைக் கடதாசியில வச்சு வாசலடிக்குக் கொண்டு போங்க, பகல் பத்து மணி வெளிச்சம் போதும். பில்லில கல்லின்ட பேரும் ஹீட் பண்ணினதா இல்லையா எண்டதும் இருக்கோணும்.

ரெண்டு விசயம் கட்டாயம் தெரிஞ்சிருக்கோணும். 2001, 2002 அளவில தாய்லாந்தில இருந்து பெரிலியம் போட்டுச் சூடாக்கின கல்லுகள் சந்தைக்கு வந்துது, ரோசாக் கல்லை அடுப்பில வச்சு பத்மராகம் ஆக்கினாங்க, லெப்புகள் பிடிக்கிறதுக்குள்ள கனபேர் வாங்கிட்டாங்க. சாதாரண ஹீட் வேற கதை, எங்கட பால்நிறக் கெவுடாக் கல்லுகளைத் தாய்லாந்துக்காரர் மலிவா வாங்கிக்கொண்டு போய்ச் சூடாக்கி நீலமா வித்தது பழைய கதை, அதை ஒளிக்காமச் சொல்லி வித்தா பிழையில்லை. மற்றது நிறம் மங்கிறது. மடகஸ்கார்ல இருந்து வந்த சில கல்லுகள் கொஞ்சநாள்ல மஞ்சளை இழந்து ரோசாவாப் போயிட்டுது. அதால நல்ல லெப்புகள் இப்ப நிறம் நிக்குதா எண்டு சோதிச்சுப் போட்டுத்தான் பேரே எழுதுறாங்க.

கேள்வி: குர்ஆன்ல சூரா ரஹ்மான்ல "யாகூத், மர்ஜான்" எண்டு வருது. யாகூத்தை மாணிக்கம் எண்டு மொழிபெயர்க்கிறாங்க. எங்கட வாப்பா பேருவளையில கல்லு வியாபாரம், அவர் நீல யாகூத் எண்டும் சொல்லுவார். மாணிக்கம் எப்பிடி நீலமா இருக்கும்?
– வாசகி, மருதானை

பதில்: உங்கட வாப்பாதான் இந்தப் பக்கத்தில எழுதுற ஆக்கள் எல்லாரையும் விடச் சரியாக் கதைக்கிறவர். 55ஆம் சூராவின்ட 58ஆம் வசனம் அது. யாகூத் எண்ட சொல் கிரேக்கத்தின்ட ஹியாகிந்தோஸ்ல இருந்து வந்தது, அதில தனிச் சிவப்பு எண்ட அர்த்தம் இல்லை. அரபில கல்லுகளைப் பத்தி எழுதின ஆக்கள், முக்கியமா 11ஆம் நூற்றாண்டில அல்பிரூனி, சிவப்பு யாகூத், மஞ்சள் யாகூத், நீல யாகூத் எண்டு எல்லாத்தையும் ஒரே பேருக்குக் கீழ வச்சாங்க. நிறத்தை மட்டும் பாக்கேல்ல, கடினத்தைப் பாத்தாங்க, பாரத்தைப் பாத்தாங்க, அல்பிரூனி தண்ணியில போட்டு நிறுத்தே பாத்தவர். ஐரோப்பாவில மாணிக்கமும் நீலமும் ஒரே கனியம் எண்டு உறுதியானது 18ஆம் நூற்றாண்டு முடியேக்க. பேருவளை சைனா போர்ட் சந்தையில அந்தக் கதை கனகாலமா வாயில இருக்கு.

பழைய அரபுக்காரர் எங்கட நாட்டையே ஜஸீரத்துல் யாகூத், யாகூத் தீவு எண்டு சொன்னவங்க. பாவா ஆதம் மலை (சிவனொளிபாத மலை) அடியிலதான் இரத்தினபுரி, அங்க கல்லுக் கிடக்கிற சரளை மண்ணுக்குப் பேர் இல்லம் (எங்களுக்கு இல்லம் எண்டா வீடு, கல்லுத் தோண்டிற ஆக்களுக்குச் சரளை). 2016இல பெரிய பேர் எடுத்த 1404 கரட் நட்சத்திர நீலக்கல்லுக்கும் ஆதாமின்ட பேரைத்தான் வச்சாங்க. ஓதெம், ஆதாம் எண்டு மேல எழுதினதோட இதைச் சேத்து ஆரும் பெரிய கதை கட்ட வேண்டாம், ஒண்டு எபிரேய இலக்கணம், மற்றது மலையின்ட பேர், ஆனாலும் எழுதேக்க கை கொஞ்சம் நிண்டது உண்மைதான்.

கேள்வி: கொரண்டம் தமிழ்ச் சொல் எண்டு சயன்ஸ் டீச்சர் சொன்னா. உண்மையா, சும்மாவா?
– பத்தாம் வகுப்பு மாணவி, பம்பலப்பிட்டி

பதில்: உண்மை பிள்ளை. உலகத்தில உள்ளதெல்லாம் தமிழ் எண்டு வட்ஸ்அப்ல வாறதில நான் பத்துக்கு ஒம்பதை அழிச்சு விடுவன், இது அந்தப் பத்தாவது. குருந்தம், குருவிந்தம் எண்ட சொல்தான் அது, வடமொழியில குருவிந்த. 1798இல சார்ல்ஸ் கிரெவில் எண்டவர் லண்டன்ல ஆசியாவில இருந்து வந்த கொரண்டம் கல்லைப் பத்திக் கட்டுரை வாசிச்சார், அந்தக் காலத்தில கனியவியல் புத்தகத்துக்குள்ள ஏறின பேர் பிறகு இறங்கவேயில்லை. கல்லுகளின்ட கடினத்தை அளக்கிற மோஸ் அளவுத்திட்டத்தில 9ஆம் இடம், பரீட்சைக்கு வரும், எழுதி வையும்.

சிலப்பதிகாரத்தில கோவலன் மதுரையில இரத்தினக் கடைத்தெருவைப் பாத்துக்கொண்டு போவான், அங்க மாணிக்கத்தின்ட நாலு சாதியை ஒரே அடியில சொல்லுறார் இளங்கோ: "பதுமமும் நீலமும் விந்தமும் படிதமும்". பதுமம் எண்டது பதுமராகம், விந்தம் எண்டது குருவிந்தம். பாருங்க, அண்டைக்குக் குருவிந்தம் மாணிக்கத்துக்குள்ள ஒரு சின்ன வகை, இண்டைக்குக் குருந்தம்தான் பெரிய குடும்பம், மாணிக்கம் அதுக்குள்ள ஒரு பிள்ளை. சொல் நிண்ட இடத்தில நிக்க வீடு தலைகீழாப் போயிட்டுது. கருட புராணத்திலயும் இந்தப் பேருகள் வருது, வலாசுரன்ட ரத்தம் இலங்கையில ஆத்தில விழுந்து மாணிக்கமாச்சுது, அந்த ஆத்துக்கு இராவணகங்கை எண்டு பேர் எண்டு கதை.

உங்கட அப்பா கராஜ்ல எமரி பேப்பர் வச்சிருந்தா எடுத்துத் தடவிப் பாரும், எமரிக் கல்லிலயும் இருக்கிறது குருந்தம்தான். மாணிக்கமும் கத்தி தீட்டிற கல்லும் சொந்தக்காரர்.

கேள்வி: நீதிமொழிகள் 31இல குணசாலியான ஸ்திரீயின்ட விலை முத்துக்களைப் பாக்கிலும் உயர்ந்தது எண்டு தமிழ்ல இருக்கு, பழைய இங்கிலீஷ்ல ரூபி எண்டு இருக்கு. எது?
– வாசகர், கொட்டாஞ்சேனை

பதில்: மூலச்சொல் பெனீனிம். முத்து எண்டும் பவளம் எண்டும் சொல்லுறாங்க, ரூபி எண்டுறதுக்குத்தான் ஆதாரம் குறைவு. தமிழ் ஆக்கள் முத்தைப் பிடிச்சது நல்லது, மன்னாரும் தூத்துக்குடியும் பக்கத்தில இருக்கிற சனத்துக்கு முத்தின்ட விலையைச் சொல்லி விளங்கப்படுத்தத் தேவையில்லை.

கேள்வி: ஐயா, எங்கட அம்மம்மா சாகிறதுக்கு முந்தி ஒரு மோதிரம் தந்தவ, பதுமராகம் பிள்ளை, பத்திரம் எண்டு சொல்லித்தான் தந்தவ. சின்னக் கல்லு, நல்ல சிவப்பு. போன மாசம் லெப்புக்குக் குடுத்தன், ஸ்பினல் எண்டு எழுதித் தந்திருக்கிறாங்க. அவவை ஆரோ ஏமாத்திப் போட்டாங்களோ, இல்லை அவ எங்களுக்குச் சும்மா சொன்னாவோ? வீட்டில இதைக் கதைக்கவே மனம் இல்லாமல் இருக்கு.
– வாசகி, தெஹிவளை

பதில்: ரெண்டும் இல்லை அக்கா. ஸ்பினல் இரத்தினபுரியில மாணிக்கம் கிடக்கிற அதே இல்லத்திலதான் கிடக்குது, ஒரே கூடையில கழுவி ஒரே கையால எடுக்கிறாங்க, சிவப்புக்குக் காரணமும் அதே குரோமியம். உள்ளுக்க மக்னீசியம் சேந்திருக்கு, கடினம் 9க்குப் பதிலா 8, வெளிச்சத்தை மாணிக்கம் ரெண்டாப் பிரிக்கும் இது பிரிக்காது, அவ்வளவுதான் வித்தியாசம், கருவி இல்லாம ஆராலயும் சட்டெண்டு சொல்ல ஏலாது. 1783இலதான் ஐரோப்பாவில ரெண்டும் வேற எண்டு பிரிச்சே எழுதினாங்க. பிரிட்டிஷ் ராசாவின்ட கிரீடத்தில முன்னுக்கு இருக்கிற பெரிய சிவப்புக் கல்லுக்குக் கறுப்பு இளவரசரின்ட ரூபி எண்டு பேர், அது ரூபியே இல்லை, ஸ்பினல். அவங்கள் அதைக் கழட்டேல்ல, பேரையும் மாத்தேல்ல.

உங்கட அம்மம்மா சொன்னது அவவின்ட அம்மம்மா சொன்ன தமிழ். அந்தத் தமிழ்ல தாமரை மாதிரிச் சிவந்திருந்தா பதுமராகம், அந்தக் கல்லு சிவந்துதானே இருக்கு. விக்கப் போனா மட்டும் ஸ்பினல் எண்டு சொல்லுங்கோ, அங்க லெப் சொன்னதுதான் கணக்கு. நல்ல சிவப்பு ஸ்பினல் இப்ப மலிவும் இல்லை, அதால முதல் கேக்கிற ஆளுக்கே குடுத்திட வேண்டாம். பிள்ளைக்குக் குடுக்கேக்க அம்மம்மா சொன்ன பேரையே சொல்லிக் குடுங்கோ, சேர்டிபிகேட்டையும் மடிச்சு அதே பெட்டிக்குள்ள வையுங்கோ.

கழுவிறதெண்டா இளஞ்சூட்டுத் தண்ணி, கொஞ்சம் சோப்பு, பழைய பல்லுப் பிரஷ் போதும். கல்லுக்குப் பின்பக்கம்தான் அழுக்கு நிக்கும், அங்க தேயுங்கோ. கடையில பொலிஷ் போடக் குடுக்கிறதெண்டா முதல் அந்த முள்ளுக் காலுகள் தேஞ்சிருக்கா எண்டு பாக்கச் சொல்லுங்கோ, பழைய மோதிரங்கள்ல கல்லு விழுந்து துலையிறது அப்பிடித்தான்.